திரையில் அவர்களுக்கும் இடம் வேண்டும்

கலை, வாழ்க்கையைக் காட்டும் கண்ணாடி என்பர் பெரியோர். ஆனால் அக்கண்ணாடி எல்லோரையும் உள்ளபடி காட்டுகிறதா? நம் திரைப்படங்களில் உடற்குறை உடையவர்கள் பெரும்பாலும் இரண்டு காரணங்களுக்காகவே வருகிறார்கள்: ஒன்று, நம்மைச் சிரிக்க வைக்க, மற்றொன்று, நம்மை அழ வைக்க. கோபமும் ஆசையும் திறமையும் உள்ள மனிதர்களாக அவர்களைக் காண்பது அரிது.

விதிவிலக்கான நல்ல படங்களும் உண்டு. 1972-இல் குல்சார் இயக்கிய 'கோஷிஷ்' என்னும் இந்திப் படம், காது கேளாத தம்பதியரின் வாழ்வை மதிப்போடு காட்டியது. அதுவே 1977-இல் தமிழில் 'உயர்ந்தவர்கள்' ஆயிற்று. 2007-இல் 'மொழி' வந்தது. ஆயினும் இம்மூன்றிலும் அவ்வேடங்களை ஏற்றவர்கள் காது கேட்பவர்களே.

"நடிப்புத்தானே, யார் நடித்தால் என்ன?" என்று சிலர் கேட்கலாம். சைகை மொழி, காது கேளாதோர் பலருக்குத் தாய்மொழி போன்றது. பிறர் அதைப் பயின்று காட்டுவது, தெரியாத மொழிச் செய்யுளை நாம் மனப்பாடம் செய்து ஒப்பிப்பது போலத்தான். மேலும், தம் கதையிலேயே இடம் கிடைக்காதவர்களுக்கு வேறு எங்கே இடம் கிடைக்கும்?

இடம் கிடைத்தால் அவர்கள் சாதிப்பார்கள் என்பதற்குச் சான்றுகள் உண்டு. 1981-இல் திருச்சி அருகே நிகழ்ந்த பேருந்து விபத்தின் விளைவாக வலது காலை இழந்தார் நடன மங்கை சுதா சந்திரன். ஜெய்ப்பூர் செயற்கைக் காலுடன் 1984-இல் மீண்டும் மேடையேறினார். 'மயூரி' என்ற தெலுங்குப் படத்தில் தம் கதையில் தாமே நடித்து, 1986-இல் தேசிய விருது பெற்றார்.

அமெரிக்காவில், காது கேளாத நடிகை மார்லி மாட்லின் 1987-இல், தமது 21-ஆம் வயதில், சிறந்த நடிகைக்கான ஆஸ்கார் பரிசு பெற்றார். பின்னர் 'கோடா' படத்தில் தம் கணவர் வேடத்தைக் காது கேட்கும் ஒருவருக்குக் கொடுக்க முனைந்தபோது, தாம் விலகிவிடுவதாக உறுதியாகக் கூறினார். அவ்வேடம் காது கேளாத டிராய் காட்சருக்குக் கிடைத்தது. 2022-இல் அவரும் ஆஸ்கார் பெற்றார்! ஒருவர் தமக்குக் கிடைத்த இடத்தில் நின்று மற்றவருக்காகக் குரல் கொடுத்ததன் பலன் இது.

நம் நாட்டின் 2016-ஆம் ஆண்டுச் சட்டம் 21 வகைக் குறைபாடுகளை ஏற்று, அவர்களின் உரிமைகளைக் காக்கிறது. 2024 ஜூலையில் உச்ச நீதிமன்றமும், மாற்றுத்திறனாளிகளை இழிவுபடுத்தும் நகைச்சுவை வேறு, அவர்களைப் புரிந்துகொள்ள உதவும் நகைச்சுவை வேறு என்று பிரித்துக் காட்டியது. அவர்களைப் பற்றிய படைப்புகளில் அவர்களையும் கலந்துகொள்ள வேண்டும் என்றும் அறிவுறுத்தியது.

திரையுலகை மட்டும் குறை கூறிப் பயனில்லை. வகுப்பு நாடகம் ஒன்றில் நானும் திக்கித் திக்கிப் பேசிக் கைதட்டல் வாங்கியவள்தான். அன்று முன்வரிசையில் இருந்த ஒரு சிறுமி மட்டும் சிரிக்கவில்லை. அவளுக்குப் பேச்சு திக்கும் என்பது எனக்குப் பிறகே தெரிந்தது. அந்த முகத்தை நான் இன்னும் மறக்கவில்லை.

பார்வையற்ற பர்த்திமேயு கூவி அழைத்தபோது, கூட்டம் அவரை அடக்கியது. நம் ஆண்டவரோ நின்று, அவரையே அருகில் அழைத்து, அவருக்கு என்ன வேண்டும் என்று கேட்டார். தோழியரே, அடுத்த நாடகத்தில் நாமும் அவ்வாறே கேட்போம். அந்தச் சிறுமிக்கு ஒரு நல்ல வேடம் கொடுப்போம்!