ஒரு பானையில் சோறும் பயறும்



சோறும் பயறும் நமக்குப் புதியன அல்ல. காலையில் அவித்த கௌபியைத் தேங்காய்ப்பூவுடன் உண்கிறோம். நண்பகலில் சோறு உண்கிறோம். ஆனால் இவ்விரண்டையும் ஒரே பானையில், பயறு வெந்த சாற்றிலேயே அரிசியும் வேகும்படி சமைத்து, அதனை ஒரு முழு உணவாகக் கொள்ளும் வழக்கம் நம் வீடுகளில் அருகியே காணப்படுகிறது. ஐக்கிய அமெரிக்காவின் தென் மாநிலங்களிலோ அஃது ஒரு பேர்பெற்ற உணவு. புத்தாண்டின் முதல் நாளில் அதனை உண்பது அங்கே நெடுநாளைய வழக்கம். 'ஹொப்பிங் ஜோன்' என்பது அதன் பெயர். அவ்வுணவு எங்கிருந்து வந்தது, அதன் சமையலில் அடங்கியுள்ள நுட்பம் யாது, உப்புவெளியில் உள்ள ஒரு வீட்டின் அடுப்பில் அதனை எவ்வாறு ஆக்கலாம் என்பனவற்றை இன்று நோக்குவோம்.

முதலில் பயற்றை அறிந்துகொள்வோம். வெண்மையான மணி, வித்து காயோடு ஒட்டியிருந்த இடத்தில் மட்டும் கண் போன்ற ஒரு கரும்பொட்டு. நாம் கௌபி என்கிறோம். தமிழ்நாட்டார் தட்டைப்பயறு என்றும் காராமணி என்றும் வழங்குவர். செந்நிறத்திலும் கபில நிறத்திலும் இதன் வகைகள் உண்டு. சந்தையில் கட்டுக்கட்டாய் விற்கும் நீண்ட பயற்றங்காய் இருக்கின்றதே, அதுவும் இதே இனத்தைச் சேர்ந்த ஒரு வகைதான். ஒன்றைக் காய்க்காகவும் மற்றொன்றை மணிக்காகவும் மனிதன் பேணி வளர்த்தான், அவ்வளவே வேற்றுமை.

இப்பயற்றின் தாயகம் ஆபிரிக்கா. மேற்கு ஆபிரிக்காவிலுள்ள கானா நாட்டின் பழைய குடியிருப்புகளில் மூவாயிரம் ஆண்டுகளுக்கும் மேற்பட்ட பழமையுடைய பயற்றுமணிகள் அகழ்ந்தெடுக்கப்பட்டுள்ளன. இரண்டாயிரம் ஆண்டுகளுக்கு முன்னரே அது இந்தியாவை அடைந்துவிட்டது. தமிழ்நாட்டிலே மாசி முடிந்து பங்குனி பிறக்கும் வேளையில் பெண்கள் நோற்கும் காரடையான் நோன்பிற்கு அரிசிமாவும் காராமணியும் சேர்த்தே அடை செய்கின்றனர். ஆகவே அரிசியும் இப்பயறும் கூடுதல் நமது பண்பாட்டிற்கு அந்நியமானதன்று.

கிழக்கே வந்த பயறு இவ்வாறு நோன்பிலும் விருந்திலும் இடம்பெற்றது. மேற்கே சென்ற பயற்றின் கதையோ துயரமானது. தென் கரோலினாவின் கடலோரச் சதுப்பு நிலங்களில் 17ஆம் நூற்றாண்டின் இறுதியில் நெற்செய்கை தொடங்கிற்று. அதற்கு வேண்டிய உழைப்பிற்காக மேற்கு ஆபிரிக்காவின் மக்கள் விலங்கிடப்பட்டுக் கப்பல்களில் ஏற்றப்பட்டனர். அவருட் பலர் தம் நாட்டிலேயே நெல் விளைவித்துப் பழகியவர்கள். அவர்களுடைய கைத்திறனும் உழைப்பும் சாள்ஸ்டன் துறைமுகத்தைச் செல்வத்தில் ஆழ்த்தின. முழு அரிசி கப்பலேறி அயல்நாடு சென்றது. விளைவித்தவர்களுக்கு எஞ்சியது பெரும்பாலும் நொய்யரிசி. அந்த நொய்யரிசியுடன், தம் குடிசை ஓரத்துச் சிறு தோட்டங்களில் விளைந்த பயற்றையும் சேர்த்து, ஊரில் தம் தாய்மார் ஆக்கியது போலவே அவர்கள் ஆக்கினார்கள். நாடும் பெயரும் பறிபோனவர்களிடம் சமைக்கும் முறை மட்டும் எஞ்சி நின்றது.

இந்த உறவை இன்றும் காணலாம். கானாவில் 'வாச்சே' என்று ஓர் உணவு உண்டு. சோள வகை ஒன்றின் இலையுறையை இட்டு, பயற்றையும் அரிசியையும் சேர்த்து அவிப்பர். சோறு செந்நிறம் பெறும். செனகலிலும் இப்பயறு கலந்த சோறு உண்டு. பிரேசிலின் வடகிழக்கில் 'பையாவோ டி டோயிஸ்' என்னும் பெயரில் இதன் உறவினர் ஒருவரைச் சந்திக்கலாம். அடிமைக் கப்பல்கள் சென்ற வழியையெல்லாம் இந்தச் சோற்றுப்பானையைப் பின்தொடர்ந்தே கண்டுகொள்ளலாம் என்பது மிகையன்று.

பின்னர் எசமானர்களின் மேசைக்கும் அவ்வுணவு ஏறியது. சாரா ரட்லெட்ஜ் என்னும் அம்மையார் 1847ஆம் ஆண்டில் வெளியிட்ட 'கரோலினா இல்லத்தரசி' என்ற சமையல் நூலில் இதன் செய்முறை அச்சாகியுள்ளது. அங்கே அவர் கூறுவது செந்நிறப் பயறு. கருங்கண் பயறு பிற்காலத்தில் பரவலாயிற்று. பயறும் அரிசியும் சம அளவு. சுவைக்கு உப்பிட்டுப் பதமாக்கிய பன்றியிறைச்சி. முதலிற் பயற்றை அவித்து, அது பாதி வெந்ததும் இறைச்சியை இட்டு, நன்கு வெந்த பின்னரே கழுவிய அரிசியைச் சேர்த்து, கடைசியில் பானையைத் தணலின் மேல் இருத்தி ஆவியிற் பதமாக்க வேண்டும் என்பது அவர் சொல்லும் முறை. தணல் அடுப்பு அறிந்த நம் பாட்டிமாருக்கு இதில் விளங்காதது ஒன்றுமில்லை.

இனி, அதை உப்புவெளிக்குக் கொண்டுவருவோம். திருகோணமலை நகருக்கு வடக்கே, நிலாவெளி வீதியில் அமைந்த கடலோர ஊர் இது. பெயரே நிலத்தின் இயல்பைக் கூறிவிடுகிறது. உவரும் மணலும் கலந்த இந்நிலம் நெல்லுக்கு உகந்ததன்று. அரிசி கந்தளாய், மூதூர்ப் பக்கத்து வயல்களிலிருந்து வரவேண்டும். மீனும் தேங்காயும் அருகிலேயே உண்டு. கௌபியோ மணற்பாங்கான நிலத்திலும், குறைந்த மழையிலும், ஏறக்குறைய எழுபது நாளில் விளைந்துவிடும் பயிர்.

ஐந்து பேருக்குச் சமைக்க, கௌபி ஒரு சுண்டு, புழுங்கலரிசி இரண்டு சுண்டு போதும். புழுங்கலரிசி ஏன் என்றால், நெல்லாக இருக்கும்போதே ஒருமுறை அவிந்துவிட்ட அரிசி அது. மணி குழையாது நிற்கும். பச்சையரிசி பொங்கலுக்கு நன்று, இதற்கு அன்று. சின்ன வெங்காயம் பத்து, உள்ளி நாலைந்து பல்லு, செத்தல் மிளகாய் நான்கு, கறிவேப்பிலை, ரம்பை, தேங்காயெண்ணெய், சிறிது முதற்பால், ஒரு தேசிக்காய் ஆகியன மற்றவை.

பன்றியிறைச்சிக்கு ஈடாக எதனைச் சேர்ப்பது? அவ்விறைச்சி தரும் சுவையைப் பிரித்துப் பார்த்தால் உப்பு, புகை, கொழுப்பு என மூன்று தென்படும். நம்மிடம் மாசிக்கருவாடு இருக்கின்றது. சூரை மீனை அவித்து, புகையூட்டி, வெயிலில் உலர்த்தி எடுப்பது அது. ஆகவே புகையும் உப்பும் மாசியிலேயே கிடைக்கின்றன. கொழுப்பைத் தேங்காய் தருகின்றது. இடித்த மாசி இரண்டு மேசைக்கரண்டி போதும். மரக்கறி உண்போர் மாசியை விடுத்து, செத்தல் மிளகாயைத் தணலிற் சுட்டு நொறுக்கி இட்டால் புகைமணம் அமையும்.

கௌபியைச் சுளகிற் புடைத்து, கல்லும் வண்டரித்த மணியும் நீக்கி, ஐந்தாறு மணிநேரம் ஊறவிடுக. இங்கே நீரைப்பற்றி ஒரு சொல். கடலோரக் கிணறுகள் சிலவற்றின் நீர் உவர்ப்பாயிருக்கும். கல்சியமும் மகனீசியமும் மிக்க அத்தகைய நீரிற் பயறு எளிதில் வேகாது. அவை மணியின் கலங்களைப் பிணைத்து நிற்கும் பசைப்பொருளோடு சேர்ந்து அதனை இறுக்கிவிடுகின்றன. மணிக்கணக்காக விறகெரித்தும் பயறு கல்லாய் இருக்கின்றதே என்று வருந்துவோர், பயற்றைக் குறைகூறுமுன் நீரைச் சுவைத்துப் பார்த்தல் நன்று. நன்னீரோ சேமித்த மழைநீரோ இதற்கு ஏற்றது. புளியும் தேசிக்காயும் இதே போல வேகுவதைத் தடுப்பன. ஆதலால் அவற்றை இறுதியிலேயே சேர்க்க வேண்டும்.

ஊறிய பயற்றை ஏழு சுண்டு நீரில் இட்டு அவியுங்கள். பாதி வெந்ததும் மாசியைச் சேருங்கள். முக்கால் மணிநேரமளவில் பயறு பதமாகும். விரலிடையே நசுக்கினால் மணி மசிய வேண்டும். ஆனால் தோல் வெடித்திருத்தல் ஆகாது. இப்பதத்தில் இறக்கி, பயற்றை வடித்து வையுங்கள். வடித்த சாற்றைக் கொட்டிவிடாதீர்கள்! இவ்வுணவின் நிறமும் மணமும் சுவையும் அதிலேதான் உள்ளன. அதனை அளந்து, மூன்றரைச் சுண்டு ஆக்கிக்கொள்ளுங்கள். குறைந்தால் வெந்நீர் சேர்க்கலாம்.

பயற்றையும் அரிசியையும் ஒன்றாகவே அடுப்பிலேற்றினால் என்ன என்று சிலர் கேட்கக்கூடும். அரிசி இருபது நிமிடத்தில் வெந்துவிடும். பயற்றுக்கோ அதனினும் இருமடங்கு நேரம் வேண்டும். ஒன்றாக இட்டால் பயறு வேகுமுன் அரிசி கூழாகிவிடும். முந்தியதை முந்தவிட்டு, பிந்தியதைப் பின்னே சேர்த்து, இரண்டும் ஒரே வேளையிற் பதமடையச் செய்வதே இச்சமையலின் முழு நுட்பமும் ஆகும்.

அதே பானையில் எண்ணெய் விட்டு, வெங்காயம், உள்ளி, மிளகாய், கறிவேப்பிலை, ரம்பை ஆகியவற்றை வெங்காயம் பொன்னிறமாகும்வரை வதக்குங்கள். கழுவி வடித்த அரிசியை இட்டு, ஒவ்வொரு மணியிலும் எண்ணெய் படியும்படி இரண்டு நிமிடம் கிளறுங்கள். பின்னர் பயறு, அளந்த சாறு, அளவான உப்பு. மாசி ஏற்கெனவே உப்புடையது என்பதை மறத்தலாகாது. ஒருமுறை கிளறி மூடுங்கள். அதன்பின் அகப்பைக்கு வேலையில்லை. மீண்டும் மீண்டும் கிளறினால் மணி உடைந்து களியாகும்.

நீர் வற்றி, சோற்றின் மேற்பரப்பிற் சிறு குழிகள் தோன்றும்போது, அரைச் சுண்டு முதற்பாலை மேலே பரவலாக ஊற்றி, விறகை வெளியே இழுத்துத் தணலில் விடுக. மூடியின் மேலும் சிறிது தணலை வைக்கலாம். பதினைந்து நிமிடத்தில் இறக்கி, மூடி திறவாமல் மேலும் பத்து நிமிடம் வைத்து, தேசிக்காய் பிழிந்து பரிமாறுங்கள். அமெரிக்கத் தென்னாட்டார் இதனோடு கீரை உண்பர். பயறு நாணயத்தையும் கீரை பணத்தாளையும் குறிக்கும் என்பது அவர்கள் நம்பிக்கை. நமக்கு முருங்கையிலை வறை பொருத்தமான துணை. மறுநாளைக்கு எஞ்ச வைக்க விரும்புவோர் தேங்காய்ப்பாலைத் தவிர்ப்பது நன்று. நம் வெப்பத்தில் அது விரைவிற் புளித்துவிடும்.

இத்தனை முயற்சியால் வரும் பயன் யாது? அரிசியில் நூற்றுக்கு ஏழளவே புரதம். கௌபியில் ஏறக்குறைய இருபத்துநான்கு. அளவைவிடத் தன்மை முக்கியமானது. உடலை வளர்க்கும் அமினோ அமிலங்களுள் லைசின் அரிசியிற் குறைவு, பயற்றில் மிகுதி. மெதியோனின் பயற்றிற் குறைவு, அரிசியில் அதனினும் மேல். ஒன்றன் குறையை மற்றொன்று நிரப்புகின்றது. மீனுக்கும் இறைச்சிக்கும் வழியில்லாத நாளிலும் குழந்தையின் உடல் தேயாமல் காக்கும் உணவு இது. வயலில் உழைத்த அடிமை மக்களை இது தாங்கி நின்றதன் காரணமும் இதுவே.

மண்ணுக்கும் இப்பயறு நன்மை செய்கின்றது. வேர்முடிச்சுகளில் வாழும் நுண்ணுயிர்கள் காற்றிலுள்ள நைதரசனைப் பிடித்து நிலத்திற்குத் தருகின்றன. அடிமையாகப் பிறந்து அறிஞராக உயர்ந்த ஜோர்ஜ் வாஷிங்டன் கார்வர், பருத்தியால் வளமிழந்த தென்னாட்டு நிலங்களுக்கு இப்பயறே மருந்து என்று கண்டு, டஸ்கீகி நிறுவனத்திலிருந்து 1903ஆம் ஆண்டில் இதைப்பற்றித் தனியொரு சிற்றேடு வெளியிட்டார்.

இவ்வளவும் நம் கைக்கெட்டும் தூரத்தில் இருக்க, நமது அன்றாடக் கறிச்சட்டியில் நிறைவது மைசூர்ப் பருப்பு. பெயர் மைசூர் ஆயினும் அது பெரும்பாலும் கனடாவிலும் அவுஸ்திரேலியாவிலும் விளைந்து கப்பலில் வருவது. 1970களில் பருப்பின் இறக்குமதி கட்டுப்படுத்தப்பட்டபோது நம் உலர் வலய விவசாயிகள் கௌபியை விளைவித்து நாட்டிற்கு உணவளித்தனர். கப்பல் மீண்டும் வந்தது. கௌபி காலையுணவாகச் சுருங்கிற்று. 2022ஆம் ஆண்டின் நெருக்கடியில் பருப்பு விலை எட்டாத உயரம் சென்றது. எரிவாயுவிற்கு மக்கள் நாட்கணக்கில் வரிசையில் நின்றனர். சோற்றுக்கு ஓர் அடுப்பு, கறிக்கு ஓர் அடுப்பு என்று எரிக்க இயலாத அத்தகைய நாட்களுக்கு, ஒரே பானையில் ஆகும் நிறைவான உணவு எத்துணை உதவி என்பதைச் சொல்லவேண்டியதில்லை.

வறுமை வந்தபின் தேடும் உணவாக இதனைக் கருதாமல், வளமான நாளிலேயே பழகிக்கொள்ளுதல் அறிவுடைமை. தைப்பொங்கலன்று பச்சையரிசியோடு வறுத்த பயற்றைச் சேர்த்துப் பொங்குகின்ற நாம், வாரத்தில் ஒரு நாள் புழுங்கலரிசியோடு கௌபியைச் சேர்க்கத் தயங்க வேண்டுவதில்லை. அடுத்த முறை சந்தைக்குச் செல்லும்போது, நம் மாவட்டத்தில் விளைந்த புதிய கௌபி ஒரு கொத்து வாங்கிவந்து, மேற்சொன்ன முறையில் ஆக்கிப் பாருங்கள். முதன்முறையிலேயே பதம் கைவராவிட்டாலும், இரண்டாம் முறை பானையே பதத்தைக் கற்பித்துவிடும்.