பேய்க்கும் ஒரு சட்டம் உண்டு

1990களில் பெங்களூரின் பல பேட்டைகளில் வீட்டுக் கதவுகளிலும் சுவர்களிலும் ‘நாளே பா’ என்று கன்னடத்தில் எழுதி வைத்திருந்தார்கள். ராத்திரியில் ஒரு பேய் வரும், வீட்டாருக்கு வேண்டிய ஒருவரின் குரலில் கூப்பிடும், கதவைத் திறந்தால் கதை முடிந்தது என்று பேச்சு. நாளைக்கு வா என்ற அந்த எழுத்தைப் பார்த்தால் பேய் திரும்பிப் போய்விடும். மறுநாள் வந்து மறுபடியும் அதையே படிக்கும், மறுபடியும் போகும். 2018இல் வந்த ‘ஸ்த்ரீ’ என்ற இந்திப் படம் இதே நம்பிக்கையை மத்தியப் பிரதேசத்துச் சந்தேரிக்குக் கொண்டுபோனது. அல்சூரிலும் ஸ்ரீராமபுரத்திலும் குடியிருந்த தமிழர்களுக்கு இது அவ்வளவு புதிதாக இருந்திருக்காது. இருட்டில் யாராவது பெயர் சொல்லிக் கூப்பிட்டால் முதல் குரலுக்கே பதில் கொடுக்கக் கூடாது என்று நம் பாட்டிமார்களும் சொல்லி வைத்திருக்கிறார்கள்.

இந்தப் பேய் பயங்கரமானதுதான், ஆனால் ஒழுங்கானது. எழுதப் படிக்கத் தெரியும். எழுதியிருப்பதை மீறாது. அதன் விதியில் இருந்த ஓட்டையைப் பெங்களூர்வாசிகள் கண்டுபிடித்து, தினமும் அதையே பயன்படுத்திக்கொண்டார்கள். ஹாரர் வீடியோ கேம் ஆட முதன்முதலாக உட்காருகிறவர் தெரிந்துகொள்ள வேண்டியதும் இதுதான். திரையில் துரத்தி வருவது பேயோ ஜாம்பியோ வேற்றுக்கிரகப் பிராணியோ, அது ஒரு புரோகிராமர் எழுதிய விதிக்குக் கட்டுப்பட்டது. அந்த விதி பிடிபடும்வரைதான் அது பேய்.

இலவசமாகக் கிடைக்கும் ‘கிரானி’யை எடுத்துக்கொள்ளலாம். 2017இல் வெளிவந்த இந்த கேம் சுமாரான ஆண்ட்ராய்டு போனிலும் ஓடும். ஹாரர் கேம் என்றாலே நம் ஊர்ப் பிள்ளைகளுக்கு முதலில் நினைவுக்கு வருவது இந்தப் பாட்டிதான். ஒரு வீட்டுக்குள் அடைபட்டிருக்கிறீர்கள், தப்பிக்க ஐந்து நாள் அவகாசம். பாட்டிக்குக் காது படுகூர்மை. கையில் இருப்பது தரையில் விழுந்தால் போதும், ஓடி வந்துவிடுவாள். புதிதாக ஆடுகிறவர்கள் இதைக் கேட்டு மிரண்டு, சத்தமே போடாமல் மூலையில் பதுங்குவார்கள். நாலு தடவை செத்துப் பழகியவர்கள் மாடியில் வேண்டுமென்றே ஒரு பொருளைப் போட்டு உடைத்துவிட்டு, பாட்டி அங்கே போகிற நேரத்தில் கீழே தங்கள் வேலையை முடிப்பார்கள். விதி அதேதான், பயன்படுத்துகிறவர் மட்டும் மாறிவிட்டார்.

கணினியிலும் கன்சோலிலும் வரும் பெரிய கேம்களுக்கு ஆடுவதற்கு முன்பே கொஞ்சம் ஆயத்தம் வேண்டும். பயமாக இருந்தால் திரையின் பிரைட்னஸை ஏற்று, சத்தத்தைக் குறை என்பதுதான் புதியவர்களுக்குப் பொதுவாகக் கிடைக்கும் யோசனை. இரண்டுமே தப்பு. பிரைட்னஸை ஏற்றினால் இருட்டு சாம்பல் நிறமாக வெளுத்துப் போகும்; பயம் குறையாது, படம்தான் கெடும். பெரும்பாலான ஹாரர் கேம்கள் தொடக்கத்தில் ஒரு சின்னத்தைக் காட்டி, அது கண்ணுக்குத் தெரிந்தும் தெரியாமலும் இருக்கும்வரை அளவைத் திருப்பச் சொல்லும். அவசரப்பட்டு அதைத் தாண்டிப் போகாமல், எந்த வெளிச்சத்தில் ஆடப் போகிறோமோ அதே வெளிச்சத்தில் உட்கார்ந்து சரிசெய்வது நல்லது. டிவியில் ஆடுவதாக இருந்தால் நிறத்தை அள்ளிக் கொட்டும் ‘விவிட்’ மோடை அணைத்துவிட வேண்டும். பயத்தைக் குறைக்கத்தான் வேண்டுமென்றால், திரையை விட்டுவிட்டு அறையில் ஒரு சின்ன விளக்கைப் போட்டுக்கொள்ளலாம்.

சத்தம் இன்னும் முக்கியம். இந்த வகை கேம்களில் கண்ணைவிடக் காதுதான் உயிரைக் காப்பாற்றுகிறது. 1999இல் வந்த ‘சைலன்ட் ஹில்’லில் ஊரையே மூடுபனி மறைத்திருக்கும். அன்றைய பிளேஸ்டேஷனால் தொலைதூரத்தை வரைய முடியாது என்ற குறையை மறைக்கவே அந்தப் பனி. எதிரே வருவது கண்ணுக்குத் தெரியாது, ஆனால் நாயகனின் பையில் இருக்கும் சிறு ரேடியோ கரகரத்தால் ஏதோ அருகில் இருக்கிறது என்று பொருள். 2019இல் புதுப்பிக்கப்பட்ட ‘ரெசிடென்ட் ஈவில் 2’இல் மிஸ்டர் எக்ஸ் என்ற பூதாகாரமான ஆள் எந்த அறையில் நடக்கிறான் என்பதைப் பூட்ஸ் சத்தத்தை வைத்தே சொல்லிவிடலாம். ஒலியைக் குறைத்தவருக்கு இந்தத் துப்பெல்லாம் கிடைக்காமலே போகும். ஹெட்போன் கட்டாயம், செட்டிங்ஸில் ஒலி எதில் கேட்கப்படுகிறது என்று கேட்கும் இடத்தில் ஹெட்போனைத் தேர்வு செய்ய வேண்டும். பிஜி அறையில் பக்கத்துக் கட்டிலில் தூங்குகிறவரும் அதற்கு நன்றி சொல்வார்.

தலைசுற்றலைப் பலரும் பயம் என்று நினைத்துக்கொண்டு ஆட்டத்தை விட்டுவிடுகிறார்கள். நாயகனின் கண் வழியே பார்க்கும் கேம்களில் இது சகஜம். பார்வைக் கோணத்தைக் கொஞ்சம் அகலமாக்கி, மோஷன் பிளர், கேமரா ஆட்டம் இரண்டையும் அணைத்துவிட்டால் பெரும்பாலும் அடங்கிவிடும். பளிச்சிடும் வெளிச்சத்தால் வலிப்பு வரக்கூடியவர்கள் மருத்துவரைக் கேட்காமல் இந்தப் பக்கமே வர வேண்டாம்.

பெங்களூருக்கென்றே ஒரு யோசனையும் உண்டு. மழைக்காலத்தில் மரக்கிளை ஒடிந்து மின்கம்பியில் விழுவதும், கரன்ட் போவதும் இந்த ஊரில் அபூர்வமல்ல. பல ஹாரர் கேம்கள் நினைத்த இடத்தில் சேவ் செய்ய விடுவதில்லை. 1996இல் வந்த முதல் ‘ரெசிடென்ட் ஈவில்’ டைப்ரைட்டரில்தான் சேவ் செய்யவிட்டது, அதற்கும் தேடிக் கண்டெடுத்த மை ரிப்பன் வேண்டும். ஒரு மணி நேர ஆட்டம் கரன்ட்டோடு போய்விட்டால் அந்தச் சோகத்துக்கு எந்தப் பேயும் ஈடாகாது. எஸ்.பி. ரோட்டில் கிராஃபிக்ஸ் கார்டுக்குப் பேரம் பேசுகிறவர்கள் அப்படியே ஒரு யுபிஎஸ்ஸையும் விலை கேட்டுவிட்டு வரலாம்.

இனி பிழைக்கும் வழி. சினிமா பார்த்து வளர்ந்த நமக்கு எதிரியைக் கண்டால் சுட்டுத் தள்ள வேண்டும் என்றுதான் தோன்றும். ரெசிடென்ட் ஈவில் வரிசையின் ஆரம்ப கேம்களில் அது தற்கொலைக்குச் சமம், ஏனென்றால் இருக்கும் எதிரிகளுக்கெல்லாம் தோட்டா காணாது. முதல் கேமில் கிறிஸ் என்ற பாத்திரமாக ஆடினால் ஆறு பொருள்களைத்தான் சுமக்கலாம், ஜில் என்ற பாத்திரமாக ஆடினால் எட்டு. எதை எடுப்பது, எதைப் பெட்டியில் போடுவது என்ற கணக்கே பாதி ஆட்டம். இரண்டாவது கேமின் 2019 பதிப்பில் ஜாம்பியின் காலில் சுட்டு நடையைக் கெடுத்துவிட்டு ஓடுவது, தலையில் ஐந்தாறு தோட்டாக்களை வீணாக்குவதைவிட லாபம். அடிக்கடி போய்வர வேண்டிய தாழ்வாரத்தில் திரிவதை மட்டும் ஒழித்துக்கட்டலாம். ஒருமுறை கடக்கும் அறையில் இருப்பதை அதன் பாட்டுக்கு விட்டுவிடலாம். வரைபடத்தையும் பார்க்கப் பழக வேண்டும். எடுக்க வேண்டியது மிச்சமிருக்கும் அறை சிவப்பாகவும், முடிந்த அறை நீலமாகவும் அதில் தெரியும்.

எதிரியின் விதியைப் படிப்பது என்றால் என்ன என்பதற்கு ‘ஏலியன்: ஐசொலேஷன்’ நல்ல பாடம். 2014இல் பிரிட்டனின் கிரியேட்டிவ் அசெம்பிளி உருவாக்கியது. இதில் வரும் ஏலியனைக் கொல்லவே முடியாது. அதை இயக்குவது இரண்டு மூளைகள். மேலே இருக்கும் ஒன்றுக்கு ஆட்டக்காரர் எங்கே இருக்கிறார் என்று எப்போதும் தெரியும். ஆனால் அது ஏலியனிடம் முழுசாகச் சொல்லாது, இந்தப் பக்கம் போய்ப் பார் என்று கோடி காட்டும், அவ்வளவுதான். ஏலியன் தன் சொந்தக் கண்ணாலும் காதாலும்தான் தேடிப் பிடிக்க வேண்டும். ஆட்டக்காரரை வெகுநேரமாக நெருக்கிக்கொண்டிருந்தால், மேலே இருக்கும் மூளையே ஏலியனைக் காற்றுக்குழாய்க்குள் அனுப்பி மூச்சுவிட நேரம் கொடுக்கும். இது தெரிந்தவர் அலமாரிக்குள் கூடுகட்டிக்கொண்டு உட்கார மாட்டார், அது விலகியதும் நகர்ந்துவிடுவார். இன்னொரு நுணுக்கம்: அசைவைக் காட்டும் கருவியின் பீப் சத்தம், பக்கத்தில் நிற்கும் ஏலியனுக்கும் கேட்கும். துணைக்கு வைத்திருப்பதே காட்டிக்கொடுக்கும்.

எவ்வளவு பயம் நல்லது? டென்மார்க்கின் ஆர்ஹஸ் பல்கலைக்கழக ஆய்வாளர்கள் 2020இல் வெளியிட்ட ஓர் ஆய்வுக்காக, செயற்கைப் பேய்வீட்டுக்குள் போன 110 பேரின் இதயத்துடிப்பை அளந்தார்கள். பயம் ரொம்பக் குறைந்தாலும் ரசிக்கவில்லை, ரொம்பக் கூடினாலும் ரசிக்கவில்லை. நடுவில் ஓர் அளவில்தான் குஷி உச்சத்துக்குப் போனது. அந்த அளவு ஆளுக்கு ஆள் வேறு. எளிய மோடில் ஆடுகிறவரைக் கேலி செய்கிறவர்கள் இதைப் படிக்க வேண்டும். ரெசிடென்ட் ஈவில் 2இலேயே உதவி மோடு இருக்கிறது, குறிபார்க்கக் கைகொடுக்கும், காயத்தையும் ஓரளவு தானாக ஆற்றும். ‘சோமா’ என்ற கேமை 2015இல் வெளியிட்டவர்கள், பிராணிகளால் சாகாமல் கதையை மட்டும் அனுபவிக்க 2017இல் ஒரு பாதுகாப்பு மோடைச் சேர்த்தார்கள். எட்டுக்கால் பூச்சி என்றால் அலறுகிறவர்களுக்காக ‘கிரவுண்டட்’டில் அதன் கால்களைக் குறைத்துக் காட்டும் வசதிகூட உண்டு.

தனியாக ஆடத் தயங்குகிறவர்களுக்கு ‘ஃபாஸ்மோஃபோபியா’ சரியான நுழைவாசல். நாலு பேர் வரை சேர்ந்து ஒரு வீட்டுக்குள் போய், அங்கே இருப்பது எந்த வகைப் பேய் என்று சாட்சியம் திரட்ட வேண்டும்: உறைகுளிர், கைரேகை, நோட்டில் எழுத்து. இருட்டிலேயே நின்றால் மனத்தெளிவு குறையும். குழுவின் சராசரி பாதிக்குக் கீழே இறங்கினால் பெரும்பாலான பேய்கள் வேட்டைக்குக் கிளம்பும். அப்போது மைக்கில் பேசினால் குரலைக் கேட்டு வரும். கையில் கருவி எரிந்துகொண்டிருந்தாலும் வரும். உப்பைத் தூவித் தடம் பார்க்கலாம், தூபம் காட்டி வேட்டையைக் கொஞ்ச நேரம் தள்ளிப்போடலாம். சாம்பிராணி போட்டுப் பழகிய வீட்டிலிருந்து வருகிறவர்களுக்கு இதைத் தனியாகக் கற்றுத்தர வேண்டியதில்லை.

நம் நாட்டுச் சரக்கும் இருக்கிறது. மேட் மந்த்ரா கேம்ஸின் ‘கம்லா’, 1980களின் இந்திய வீடு ஒன்றில் பேய் பிடித்த புதுமணப்பெண்ணிடமிருந்து அதை ஓட்டும் கதை. முகுல் நேகி 2021இல் தொடங்கிய ‘ஃபியர்ஸ் டு ஃபாதம்’ வரிசையில் பேயைவிட மனிதர்களுக்குத்தான் அதிகம் பயப்பட வேண்டும். முதல் பாகத்தில் ஒரு பதினான்கு வயதுப் பையன் வீட்டில் தனியாக இருக்கிறான், அவ்வளவுதான் ஆரம்பம். பெங்களூரோ 1997இல் ராஜேஷ் ராவ் துருவா இன்டராக்டிவைத் தொடங்கிய காலத்திலிருந்தே வெளிநாட்டு கேம்களுக்கு உழைத்துக் கொடுக்கும் ஊர். 2019இல் ராக்ஸ்டார் என்ற வெளிநாட்டு கேம் நிறுவனம் துருவாவை வாங்கிக்கொண்டது. இத்தனை திறமை குவிந்திருக்கும் ஊரிலிருந்து, கதவில் எழுதியதைப் படித்துவிட்டுத் திரும்பிப் போகும் பேயை வைத்து உலகம் பேசும் ஒரு கேம் இன்னும் வராதது ஆச்சரியம்தான்.

வீட்டில் பிள்ளைகள் இருந்தால் ஒன்றைக் கவனிக்க வேண்டும். சினிமாவுக்கு இருப்பதுபோல் கேம்களுக்கு நம் நாட்டில் தணிக்கைச் சான்று கிடையாது. கேம் விற்கும் ஆன்லைன் கடைப் பக்கத்தில் போட்டிருக்கும் வயது வரம்பைப் பெற்றோர்தான் பார்க்க வேண்டும். ரெசிடென்ட் ஈவில் எல்லாம் பெரியவர்களுக்கானது.

வாங்குகிறவர்களுக்குக் கடைசியாக ஒரு தகவல். கணினி கேம்களை விற்கும் ஸ்டீம் என்ற ஆன்லைன் கடையில் விலை ரூபாயிலேயே இருக்கிறது. வாங்கிப் பதினான்கு நாளுக்குள், இரண்டு மணி நேரத்துக்கும் குறைவாக ஆடியிருந்தால், கேட்டதும் பணத்தைத் திருப்பித் தருகிறார்கள். ஒரு ஹாரர் கேம் நமக்கு ஒத்துவருமா என்று தெரிந்துகொள்ள அதில் பாதி நேரமே போதும். காரணம் எதுவானாலும் சரி என்பது அவர்கள் கொள்கை, ஆகவே ரொம்பப் பயமாக இருக்கிறது என்பதும் செல்லும்.