கள்ளியிலும் ரகம் பார்க்க வேண்டும்!

மிளகில் பப்பாளி விதை கலந்திருந்தாலும், துவரம் பருப்பில் கேசரிப் பருப்பு கலந்திருந்தாலும் நம் வியாபாரிகள் ஒரு கை அள்ளிப் பார்த்துச் சொல்லிவிடுவார்கள். ஆனால் விருதுநகர், சாத்தூர், சிவகாசிப் பக்கம் கரிசல் காட்டு ஓரத்தில் நிற்கும் கள்ளியைக் கேட்டால், "எல்லாம் கள்ளிதானே" என்று போய்விடுகிறோம். ரகம் தெரியாமல் சரக்கு எடுத்தால் என்ன ஆகும் என்பதற்கு இந்தக் கள்ளியே சாட்சி. கிழக்கிந்தியக் கம்பெனியே இதில் ஏமாந்திருக்கிறது.

இரண்டு குடும்பம்

சதுரக்கள்ளியும் திருகுகள்ளியும் ஒரு குடும்பம். கீறினால் பால் வடியும். கண்ணில் பட்டால் ஆபத்து. சப்பாத்திக்கள்ளியோ கேக்டஸ் குடும்பம். பால் வராது. அமெரிக்கக் கண்டத்திலிருந்து கப்பலேறி வந்த செடி. அதன் முள் பஞ்சு போன்ற ஒரு சின்ன மெத்தையிலிருந்து கிளம்பும். அந்த மெத்தைதான் கேக்டஸின் முத்திரை.

கம்பெனி வாங்கிய மட்டச் சரக்கு

அந்நாளில் உயர்ந்த சிவப்புச் சாயம் மெக்சிகோவிலிருந்து வந்தது. கேக்டஸில் ஒட்டி வாழும் கொச்சினீல் பூச்சியை உலர்த்தி எடுப்பது அது. ஒரு பவுண்டு சரக்குக்குச் சுமார் 70,000 பூச்சிகள் வேண்டும். ஸ்பெயின்காரர்கள் இந்த வியாபாரத்தைக் கைக்குள்ளேயே வைத்திருந்தார்கள். போட்டிக்கு இறங்கிய கம்பெனிக்காக டாக்டர் ஜேம்ஸ் ஆண்டர்சன் சென்னை சைதாப்பேட்டையில் கள்ளித் தோட்டமே போட்டார்.

1795ல் கேப்டன் நீல்சன் பிரேசிலின் ரியோ டி ஜெனிரோவிலிருந்து பூச்சியைக் கல்கத்தாவுக்குக் கொண்டுவந்தார். வந்தது மெக்சிகோவின் உயர்ந்த ரகமல்ல. தென் அமெரிக்கக் காட்டு ரகம். பார்வைக்கு ஒன்றுபோல இருந்தது, சாயம் மட்டம். போட்ட முதல் வீண்.

ஆனால் அந்தப் பூச்சி வேறொரு வேலை செய்தது. மெல்லிய மட்டையும் ஒன்றிரண்டு நீண்ட முள்ளும் கொண்ட தென் அமெரிக்கச் சப்பாத்திக்கள்ளியைத் தின்று தீர்த்தது. அதைக் கண்டு 1836-38ல் தெற்கேயும் கொண்டுவந்து விட்டார்கள். மஞ்சள் முள் கொத்துக் கொத்தாய் அடர்ந்த இன்னொரு ரகத்தை மட்டும் அது தொடவேயில்லை. வேலிக்கு வைத்த அந்த ரகம் விளைநிலத்தில் பரவியது. அதற்குரிய பூச்சி வேறு என்று கண்டு, இலங்கையிலிருந்து அதைத் தென்னிந்தியாவுக்குக் கொண்டுவந்தது 1926ல். சிவகாசியில் தீப்பெட்டித் தொழில் தலையெடுத்துக்கொண்டிருந்த நேரம் அது. சில ஆண்டுகளிலேயே முள் காடு அடங்கியது. செடியின் ரகமும் பூச்சியின் ரகமும் பொருந்திய பிறகே காரியம் நடந்தது.

சாலையோரச் சப்பாத்திக்கள்ளியில் வெள்ளைப் பஞ்சு போல ஒட்டியிருப்பதை ஒரு குச்சியால் நசுக்கிப் பாருங்கள். ரத்தச் சிவப்பாகக் கசிந்தால் அதுதான் கொச்சினீல்.

மேஜைமேல் வைக்கும் சின்னச் செடிகள்

இன்று நர்சரிகளில் கட்டைவிரல் அளவு கேக்டஸ்கள் விற்பனைக்கு வருகின்றன. உடம்பெல்லாம் முள் அடர்ந்த உருண்டைச் செடிகளில் பல தென் அமெரிக்க ரகங்கள். பெயர்ச்சீட்டு பெரும்பாலும் இருக்காது. முள்ளைப் பார்த்து ஏமாறாமல் மொட்டைப் பாருங்கள். மொட்டில் முள்ளும் ரோமமும் இல்லாமல் வழுவழுப்பான செதில் மட்டும் இருந்தால் ஜிம்னோகாலிசியம். உச்சியில் பஞ்சுக்கு நடுவே பூத்தால் பரோடியாவாக இருக்கலாம். அடிப்பக்கத்தைச் சுற்றி மாலைபோலப் பூத்தால் ரெபூஷியாவாக இருக்கலாம். ரெபூஷியா ஆண்டிஸ் மலைச் செடி. நம் ஊர் வெயில் அதற்கு ஒத்துவராது. முதல்முதலாக வளர்ப்பவர்களுக்கு ஜிம்னோகாலிசியமே நல்லது.

வாங்கும்போது இரண்டு விஷயம் கவனியுங்கள். காய்ந்த பூவைப் பசையால் ஒட்டி விற்பதுண்டு. சிவப்புத் தலை கேக்டஸ் ஒட்டுச் செடி. தலையில் பச்சையம் இல்லை, கீழே உள்ள பச்சைத் தண்டுதான் அதற்குச் சோறு போடுகிறது. அதற்கு ஆயுள் குறைவு.

தொட்டியின் அடியில் ஓட்டை வேண்டும். மண்ணில் பாதி பருமணல். காலை வெயில் போதும். கோடையில் உச்சி வெயிலுக்கு நிழல் தர வேண்டும். மண் முழுதும் காய்ந்த பின்பே தண்ணீர். ஐப்பசி, கார்த்திகை மழையில் தாழ்வாரத்துக்குள் எடுத்துவிடுங்கள். முள் இடுக்கில் வெள்ளைப் பூச்சி கண்டால் ஸ்பிரிட்டில் நனைத்த பஞ்சால் துடைத்தால் போதும்.

நம் கடை அலமாரியில்

கொச்சினீல் பழங்கதையல்ல. பெரு நாடு இன்று இதில் முன்னணி. 'கார்மைன்' என்ற பெயரில் உணவு நிறமாக உலகெங்கும் போகிறது. வெளிநாட்டுப் பாக்கெட்டில் 120 என்ற எண் இருந்தால் அது இந்தப் பூச்சிச் சாயம். சைவ வாடிக்கையாளர் கேட்டால் சரியாகச் சொல்வது நம் கடமை.

பெயரை நம்பி வாங்கினால் நஷ்டம். அடையாளம் பார்த்து வாங்கினால் லாபம். கள்ளிக்கும் அதே கணக்குத்தான்.