ஊர் போனது, கோவில் நின்றது
(நமது நிருபர்)

அந்த ஊரில் இன்று ஒரு வீட்டிலும் அடுப்பு எரிவதில்லை. ஆனால் ஆண்டில் ஒரு நாள் கோவில் மணி அடித்து வழிபாடு நடக்கிறது.

இங்கிலாந்தில் வில்ட்ஷயர் மாவட்டத்தில், சாலிஸ்பரி சமவெளியின் நடுவே இருக்கிறது இம்பர். நெல்லைச் சீமைக் கிறிஸ்தவர்கள் 'சேகரம்' என்பார்களே, அப்படி ஒரு சிறு சேகரம். உழவும் ஆடு வளர்ப்பும்தான் பிழைப்பு. மேட்டில் சுமார் 700 ஆண்டுப் பழமையான புனித ஜைல்ஸ் ஆலயம். அதன் சுவரில் 15-ஆம் நூற்றாண்டு ஓவியம் இருக்கிறது. மணிகளை எந்த வரிசையில் அடிப்பது என்று 1692-இல் எழுதி வைத்ததும் அழியாமல் இருக்கிறது. பாப்டிஸ்ட் சபையார் 1839-இல் தனியாக ஓர் ஆலயம் கட்டிக்கொண்டார்கள்.

1920-களின் கடைசியிலிருந்து பயிற்சிக்காக ராணுவம் சுற்றியுள்ள நிலங்களை வாங்கத் தொடங்கியது. விளைச்சலுக்கு விலை இல்லாத காலம், விற்றுவிட்டார்கள். வீடுகளும் கைமாறின. கோவில், குருவின் வீடு, பாப்டிஸ்ட் ஆலயம், பள்ளிக்கூடம், 'பெல்' என்ற சாராயக்கடை ஆகியவை மட்டும் விற்கப்படவில்லை. இதை வாசகர்கள் நினைவில் வைக்க வேண்டும்.

47 நாள் கெடு

1943 நவம்பர் 1 அன்று ஊராரைப் பள்ளிக்கூடத்துக்கு அழைத்தார்கள். அமெரிக்கப் படைகள் ஐரோப்பாவில் இறங்குவதற்குப் பயிற்சி எடுக்க இடம் வேண்டும், 47 நாளில் காலி செய்யுங்கள் என்றார்கள். இருந்தவர்கள் சுமார் 150 பேர். பெரும்பாலோர் குடக்கூலிக்காரர்கள், என்ன பேச முடியும்? போர் முடிந்ததும் திரும்பிவிடலாம் என்று நம்பி, சிலர் டப்பா உணவைக்கூடச் சமையலறையிலேயே விட்டுப் போனார்கள். ஊர்க் கொல்லர் பட்டறைக்கல்லின் மேல் சாய்ந்து அழுதாராம். சில வாரங்களில் அவர் இறந்தார். உடலை இம்பருக்கே கொண்டுவந்து புதைத்தார்கள்.

போர் 1945-இல் முடிந்தது. ஊர் திரும்பவில்லை.

தீபாவளி நெருக்கத்தில் "ஊருக்கு டிக்கெட் இல்லை" என்று கவுண்டரில் நான் சொல்லும்போது வரிசையில் நிற்பவர் முகம் வாடும். அவர் பொங்கலுக்காவது போவார். இம்பர்க்காரருக்கு அதுவும் கிடையாது.

1961 ஜனவரியில் 2,000 பேருக்கு மேல் திரண்டு ஊருக்குள் போய்ப் போராடினார்கள். விசாரணை நடந்தது, தீர்ப்பு ராணுவத்தின் பக்கம். ஆனால் கோவில் ராணுவத்தின் சொத்து அல்லவே! அதைக் காப்பதற்கும், புனித ஜைல்ஸ் திருநாளான செப்டம்பர் 1-ஐ ஒட்டிய சனிக்கிழமையில் ஆண்டு வழிபாடு நடத்துவதற்கும் வழி பிறந்தது. பாப்டிஸ்ட் ஆலயம் பின்னாளில் இடிக்கப்பட்டது. அதன் கல்லறைத் தோட்டம் மட்டும் மிச்சம். 2003-இல் புனித ஜைல்ஸ் கோபுரத்தில் இடி விழுந்தது. 2005-இல் பழைய ஆலயங்களைக் காக்கும் அறக்கட்டளை ஒன்று பொறுப்பேற்றுப் பழுது பார்த்தது.

சிவப்பு மாடி பஸ்

2009 முதல் பஸ் பிரியர்கள் சிலர் கோடையில் ஒரு நாள், லண்டனில் ஓடிய பழைய சிவப்பு மாடி பஸ்களை வார்மின்ஸ்டர் ரயில் நிலையத்திலிருந்து இம்பருக்கு விடுகிறார்கள். வசூலில் ஒரு பகுதி கோவிலுக்குப் போகிறது. சாலையை விட்டு இறங்கக் கூடாது; வெடிக்காத குண்டுகள் கிடக்கும் என்று வழியெல்லாம் பலகை வைத்திருக்கிறார்கள். பஸ் நேரே கோவிலுக்குக் கீழே போய் நிற்கிறது.