சொந்தக் கோவிலில் ராஜராஜனுக்கு இடம் இல்லை!
வாசலில் நிற்கும் சிலைக்கு மாலை போட கட்சிகள் போட்டி

தஞ்சாவூர்—

ஆயிரம் வருஷத்துக்கு முன்பு மலை போலக் கோவில் கட்டிய மகாராஜா, அதே கோவிலுக்கு வெளியே வெயிலில் நிற்கிறார்!

தஞ்சை பெரிய கோவிலுக்குப் போகிறவர்கள் தினமும் பார்க்கும் காட்சி இது. ஏன் இப்படி?

டெல்லி கைவிரிப்பு

1972-ம் ஆண்டு. கருணாநிதி முதல்-அமைச்சர். ராஜராஜ சோழன் சிலையைக் கோவிலுக்குள் வைக்க தமிழக அரசு விரும்பியது. கோவிலோ மத்திய தொல்பொருள் துறையின் பாதுகாப்பில் இருக்கிறது. அனுமதி கிடைக்கவில்லை. சிலை வெளியே வைக்கப்பட்டது.

மாநில சுயாட்சி முழக்கம் ஓங்கி ஒலித்த நேரம் அது. ராஜாவுக்கே இடம் இல்லை என்பது அரசியல் பேச்சானது.

பக்கவாசல் ரகசியம்

1984-ல் நடந்த ராஜராஜன் விழாவுக்கு இந்திராகாந்தியும் எம்.ஜி.ஆரும் வந்தார்கள். அக்டோபரில் எம்.ஜி.ஆர். நோயில் விழுந்தார். அதே மாதம் 31-ந்தேதி இந்திரா சுட்டுக் கொல்லப்பட்டார். அவ்வளவுதான், "முன்வாசல் வழியாப் போனா பதவி போயிடும்" என்ற பேச்சு கிளம்பி விட்டது.

2010-ல் கோவிலுக்கு 1000 வயது. தபால்தலை, 5 ரூபாய் நாணயம், 1000 பேர் ஆடிய நடனம் என்று தஞ்சை அமர்க்களப்பட்டது. முதல்-அமைச்சர் கருணாநிதி பக்கவாசல் வழியே வந்ததாகப் பத்திரிகைகள் எழுதின. ஆனால் 2011 தேர்தலில் ஆட்சி போனது. ஓட்டுக்கு எந்த வாசலாக இருந்தால் என்ன?

யாருக்குச் சொந்தம்?

சதய விழா இனி அரசு விழா என்று 2022-ல் முதல்-அமைச்சர் ஸ்டாலின் அறிவித்தார். 2025 ஜூலையில் கங்கைகொண்ட சோழபுரம் வந்த பிரதமர் மோடி, ராஜராஜனுக்கும் ராஜேந்திரனுக்கும் பிரமாண்ட சிலைகள் வைக்கப்படும் என்றார். ஒருவருக்கு அவர் தமிழ் மன்னர். இன்னொருவருக்குப் பாரதத்தின் மன்னர்.

குறை சொன்னால்? ராஜராஜன் காலத்தில் நிலம் பறிக்கப்பட்டது என்று 2019-ல் திருப்பனந்தாளில் பேசிய டைரக்டர் பா.ரஞ்சித் மீது போலீஸ் வழக்கு பாய்ந்தது.

கல்லில் பெயர்

ராஜராஜன் செய்தது வேறு. தான் கொடுத்ததோடு அக்கா குந்தவை கொடுத்ததையும், மற்றவர்கள் கொடுத்ததையும் கல்லில் வெட்டச் சொன்னார். 400 ஆடல் பெண்களின் பெயர்கூட வீட்டு அடையாளத்தோடு இருக்கிறது. இன்றைய கல்வெட்டில் திறந்து வைத்தவர் பெயர்தான் பெரிசு!

சதய விழா வருவது ஐப்பசியில். வயலில் சம்பா நிற்கும் நேரம். கடைமடைக்குத் தண்ணி வந்துச்சா, அறுத்த நெல்லை உடனே எடுப்பாங்களா என்பதுதான் டெல்டா விவசாயியின் கேள்வி.

மாலையோடு வருகிறவர்கள் அதற்கும் பதிலோடு வந்தால், வாசலில் நிற்கும் ராஜாவுக்கும் சந்தோஷம்தான்!