பதின்மூன்று குண்டுகளுடன் ஒரு கப்பல்

கடற்படையில் பணியாற்றும் கப்பல்கள் அனைத்தும் போருக்காகவே கட்டப்பட்டவை அல்ல. போர்க்காலத்தில் கப்பல்களுக்குத் தட்டுப்பாடு ஏற்படும்போது, அரசாங்கங்கள் பயணிகள் கப்பல்களையும் சரக்குக் கப்பல்களையும் தம் பொறுப்பில் எடுத்துக்கொள்வது உண்டு. அவற்றில் பீரங்கிகளைப் பொருத்திக் காவல் பணிக்கு அனுப்புவார்கள். அவ்வாறு போர்க்கோலம் பூண்ட கப்பல்களுள் ஒன்றுதான் ‘லீ வோ’. சிங்கப்பூர் வீழ்ந்த நாளுக்கு முந்தைய நாள் அது நிகழ்த்திய போர், இரண்டாம் உலகப் போரின் கடல் வரலாற்றில் தனியிடம் பெற்றுள்ளது.

‘லீ வோ’ 1938ஆம் ஆண்டு ஹாங்காங்கில் கட்டப்பட்டது. சீனாவின் யாங்சே ஆற்றின் மேற்பகுதியில் பயணிகளை ஏற்றிச் செல்வதே அதன் வேலை. அப்பகுதியில் நீரோட்டம் வேகமாக இருக்கும். பாறைகளும் ஆழமற்ற இடங்களும் மிகுதி. ஆகையால், நீரில் அதிகம் அமிழாமல் செல்லும் வகையில் அக்கப்பல் அமைக்கப்பட்டிருந்தது. அலைகள் மோதும் திறந்த கடலுக்கோ எதிரியின் தாக்குதலுக்கோ ஏற்ற அமைப்பு அதற்கு இல்லை. எனினும், 1940இல் பிரிட்டிஷ் கடற்படை அதனை எடுத்துக்கொண்டது. நான்கு அங்குலப் பீரங்கி ஒன்றும் இயந்திரத் துப்பாக்கிகள் இரண்டும் அதில் பொருத்தப்பட்டன. லெப்டினென்ட் தாமஸ் வில்கின்சன் அதன் தலைவராக இருந்தார். 1898இல் இங்கிலாந்தின் விட்னஸ் நகரில் பிறந்த அவர், வணிகக் கப்பல்களில் நீண்ட காலம் பணியாற்றியவர்.

1942 பிப்ரவரியில் ஜப்பானியப் படைகள் சிங்கப்பூர்த் தீவுக்குள் புகுந்துவிட்டன. துறைமுகத்தில் எஞ்சியிருந்த கப்பல்கள் ஒவ்வொன்றாக வெளியேறிக்கொண்டிருந்தன. பிப்ரவரி 13ஆம் நாள் ‘லீ வோ’வும் ஜாவாத் தீவிலுள்ள பத்தாவியாவை, அதாவது இன்றைய ஜகார்த்தாவை, நோக்கிப் புறப்பட்டது. அதில் இருந்தவர்கள் 84 பேர். அவர்களுள் பலர் ஏற்கெனவே மூழ்கடிக்கப்பட்ட போர்க்கப்பல்களிலிருந்து உயிர்தப்பியவர்கள். தரைப்படையையும் விமானப் படையையும் சேர்ந்த சிலரும் அவர்களோடு இருந்தனர். ஒன்றாகப் பயிற்சி பெறாத அவர்களை அப்போதைய நெருக்கடியே ஒரு குழுவாக்கியிருந்தது.

வழியில் அக்கப்பல் நான்கு முறை வான்தாக்குதலுக்கு ஆளானது. அவற்றுள் ஒன்றில் மட்டும் 52 விமானங்கள் பங்கேற்றன. பலத்த சேதமடைந்தபோதிலும் ‘லீ வோ’ தொடர்ந்து சென்றது. மறுநாள் மாலை, சுமத்ராவுக்கும் பங்கா தீவுக்கும் இடையிலுள்ள நீரிணையை நெருங்கியபோது, இரண்டு ஜப்பானியக் கப்பல் அணிகள் கண்ணில் பட்டன. பெரிய அணிக்குக் கனரகப் போர்க்கப்பல் ஒன்றும் நாசகாரிக் கப்பல்கள் சிலவும் காவலாக வந்தன. ‘லீ வோ’வின் பீரங்கிக்கோ பதின்மூன்று குண்டுகளே இருந்தன. அவையும் பயிற்சிக்கானவை.

திரும்பித் தப்பிக்க முயலலாம். அல்லது எதிர்த்துப் போரிடலாம். வில்கின்சன் தம் குழுவினரை ஒன்றுதிரட்டினார். தப்பியோட முயல்வதைவிட எதிரிக்கு இயன்ற அளவு சேதம் விளைவித்து, இறுதிவரை போரிடுவதே தம் முடிவு என்று அறிவித்தார். அதன் விளைவு என்னவாகும் என்பது அனைவருக்கும் தெரிந்திருந்தது. இருந்தும், அனைவரும் அம்முடிவை உறுதியுடன் ஏற்றனர்.

போர்க்கொடி ஏற்றப்பட்டது; ‘லீ வோ’ எதிரியை நோக்கி நேராக விரைந்தது. பீரங்கியை இயக்கத் தன்னார்வலர்கள் சிலர் முன்வந்தனர். அவர்கள் சுட்ட குண்டுகள் பட்டு, ஜப்பானியப் போக்குவரத்துக் கப்பல் ஒன்று தீப்பற்றியது. ஒரு மணி நேரத்திற்கும் மேலாகச் சண்டை நீடித்தது. ‘லீ வோ’ மூழ்கத் தொடங்கிய நிலையில், எரிந்துகொண்டிருந்த அக்கப்பலின்மீதே தம் கப்பலை மோதச் செய்தார் வில்கின்சன். குண்டுகள் தீர்ந்தன. கனரகப் போர்க்கப்பலின் தாக்குதலும் கடுமையானது. அப்போதுதான் கப்பலைவிட்டு வெளியேறும்படி அவர் ஆணையிட்டார். அவர் மட்டும் வெளியேறவில்லை. கப்பலோடு கடலில் மூழ்கினார். ஏறத்தாழப் பத்துப் பேரே உயிர்தப்பினர். அவர்களும் போர்க்கைதிகளாயினர். மறுநாள், பிப்ரவரி 15ஆம் நாள், சிங்கப்பூர் சரணடைந்தது.

போர் முடிந்து கைதிகள் விடுதலையான பின்னரே இந்நிகழ்ச்சி முழுமையாக வெளியுலகிற்குத் தெரியவந்தது. 1946 டிசம்பரில் வில்கின்சனுக்குப் பிரிட்டனின் மிக உயரிய வீர விருதான விக்டோரியா சிலுவை, மறைவுக்குப் பின் வழங்கப்பட்டது. அவருடன் போரிட்ட வேறு சிலரும் விருது பெற்றனர். அச்சிலர் உயிரோடு திரும்பியிராவிட்டால், ‘லீ வோ’ காணாமற்போன கப்பல்களின் பட்டியலில் ஒரு பெயராக மட்டுமே நின்றிருக்கும்.

இச்சண்டையால் போரின் போக்கு மாறிவிடவில்லை. சிங்கப்பூரின் வீழ்ச்சியையோ சுமத்ராமீதான படையெடுப்பையோ அதனால் தடுக்க முடியவில்லை. எழுபதுக்கும் மேற்பட்டோர் அதற்காக உயிரிழந்தனர். இந்த இழப்பு தேவைதானா என்ற கேள்வி எழுவது இயல்பே. ஆயினும், வெற்றியை மட்டும் அளவுகோலாகக் கொண்டு அன்றைய முடிவை எடைபோட இயலாது. எதிரியின் வலிமையை அறியாமல் துணிவது அறியாமை; அறிந்த பின்னும் கடமையெனக் கருதியதிலிருந்து விலகாதிருப்பது வீரம். பயணிகளைச் சுமப்பதற்காகக் கட்டப்பட்ட ஒரு சிறிய ஆற்றுக் கப்பலைப் போர்க்கப்பலாக்கியது அதன் ஒற்றைப் பீரங்கி அன்று. அதில் இருந்த மனிதர்களின் உள்ள உறுதியே.