பெயர் மறைந்த வித்தைக்காரர்

பங்காருபாளையத்தையும் அதன் சுற்றுவட்டாரத்தையும் விட்டுப் பிழைப்பின் பொருட்டு வெளியூர் வந்திருக்கும் நம் குடும்பத்தார்க்குத் தீமிதி புதியதன்று. காப்புக் கட்டி, விரதமிருந்து, மஞ்சளாடை உடுத்தித் திரௌபதி அம்மன் சந்நிதியில் அக்கினிக் குண்டம் இறங்குவது நமக்கு நேர்த்திக்கடனேயன்றி வேடிக்கையன்று. அதே தீயில் மேனாட்டார் முன்னிலையில் நடந்து, பின்னர்த் தொலைக்காட்சியிலும் தோன்றிய இந்தியர் ஒருவரை நம்மிற் பலர் அறியார். அவர் பெயர் குதா பக்ஷ்.

1905ஆம் ஆண்டு ஜம்மு-காஷ்மீர சமஸ்தானத்து அக்னூரில், ஒரு முஸ்லிம் குடும்பத்திற் பிறந்தவர் அவர். இறைவன் தந்த கொடை என்பது அப்பெயரின் பொருள். 1935 செப்டம்பரில் இங்கிலாந்தின் கார்ஷால்டன் என்னுமிடத்தில், ஹாரி பிரைஸ் என்பவர் நடத்திய சோதனையில், அறிஞர்கள் பார்த்திருக்க அவர் தணல்மீது நடந்தார். பாதங்களிற் கொப்புளம் எழவில்லை. கரி வெப்பத்தை மெல்லவே கடத்துவதாலும், அடி ஒவ்வொன்றும் கணநேரமே தணலிற் படுவதாலும் இது இயலும் என்பது இன்றைய விளக்கம்.

ஆயினும் அவருக்குப் பெரும்புகழ் தேடித் தந்தது கண்கட்டு வித்தையே. பிசைந்த மாவைக் கண்கள்மேல் அப்பி, பஞ்சு வைத்து, தலை முழுவதும் துணியால் சுற்றச் செய்வார். பின்னர்ப் புத்தகம் படிப்பார், சைக்கிளும் ஓட்டுவார். மூக்கோரத்துச் சிறு இடுக்கே இத்தகைய வித்தைகளுக்கு வழி என்பர் தொழில் தெரிந்தோர். அவரோ, மன ஒருமைப்பாட்டால் வந்த ஆற்றல் என்றே கூறிவந்தார்.

1950 மார்ச்சில் அமெரிக்காவின் சி.பி.எஸ். தொலைக்காட்சி அவருக்கெனத் தனி நிகழ்ச்சி ஒன்றைத் தொடங்கிற்று. நம் நாட்டில் தொலைக்காட்சி தலைகாட்டியது 1959இல்தான் என்பதை எண்ணினால் இதன் அருமை விளங்கும். ஆனால் அந்நிகழ்ச்சியின் தலைப்பு அவரை 'இந்து ஞானி' என்றது! முஸ்லிமாய்ப் பிறந்தவர் திரைக்காக இந்து ஞானியானார். இந்தியரென்றால் மாயமும் மந்திரமுமே என்று எண்ணியிருந்தோர்க்கு அந்த வேறுபாடு ஒரு பொருட்டாகவில்லை. ஜூன் மாதத்தோடு நிகழ்ச்சி நின்றது.

பிற்காலத்தில் கண்ணழுத்த நோய் அவர் பார்வையைக் கவர்ந்தது. கட்டிய கண்ணாற் காண்பதாய் உலகை வியக்கவைத்தவர், கட்டில்லாமலே காண இயலாதவரானார். 1981இல் காலமானார். ஆங்கில எழுத்தாளர் ரோல்ட் டால் 1977இல் வெளியிட்ட 'ஹென்றி சுகர்' கதைக்கு வித்து இவரே. 2023இல் அது திரைப்படமும் ஆயிற்று. அக்கதையிலும் அவருக்குச் சூட்டப்பட்டது வேறொரு பெயரே.

சென்ற இடத்தில் பிழைக்கவேண்டி, பிறர் சூட்டிய வேடத்தைப் புனைவது எளிது. அதைக் களைவது அரிது. நம் பிள்ளைகளின் பெயரை அயலார் வாய்க்கு எளிதாகும் என்று நாமே சுருக்க வேண்டா. தீமிதி யாது என்று அவர்கள் வினவினால், மாயம் என்று சொல்லி வியப்பூட்டவும் வேண்டா. நேர்த்திக்கடன் என்றே சொல்வோம்.